புரட்டாசி மூட்டம்

ராமநாதபுரம் மாவட்டத்தின் கமுதி, முதுகுளத்தூர், சாயல்குடிப் பக்கம் புரட்டாசி பிறந்தாலே கரிமூட்டம் போடுகிறவர்களின், அதாவது விறகைக் குவித்து மண்ணால் மூடி உள்ளே வேகவைத்துக் கரியாக்குகிறவர்களின், கண் வானத்தில்தான் இருக்கும். ஐப்பசி மழை இறங்கிவிட்டால் காடெல்லாம் சேறு, விறகெல்லாம் ஈரம். ஆட்களும் வயலுக்குப் போய்விடுவார்கள். அதற்குள் கடைசி மூட்டத்தைப் பிரித்தாக வேண்டும்.

வெட்டிய சீமைக்கருவேலம் பத்துப் பதினைந்து நாள் வெயிலில் காய வேண்டும். பச்சையாக அடுக்கினால் ஈரத்தை விரட்டவே ஒரு பங்கு விறகு எரிந்து தீரும். தூர்க்கட்டையும் (வேரோடு சேர்ந்த அடிக்கட்டை) பருமனான கட்டையும் நடுவில். கனம் குறைந்தவை வெளியே. இண்டு இடுக்கில் குச்சி. சந்து விட்ட இடத்தில் காற்று ஓடிச் சாம்பலாகிவிடும். மேலே வைக்கோலோ தழையோ பரப்பி, குழைத்த மண்ணை நாலைந்து விரற்கடை கனத்துக்கு அப்ப வேண்டும். வைக்கோல் இல்லாவிட்டால் மண் சரிந்து கரியோடு கலந்துவிடும்.

உச்சியில் வைத்த நெருப்பு நன்றாகப் பிடித்ததும் அந்த வாயை மூட வேண்டும். அதற்குப் பிறகு முழுக்க, அடியில் விட்ட கண்கள் என்கிற காற்றுத் துளைகள் வழியே காற்றை அளந்துவிடும் வேலைதான். முதலில் அடர்ந்த வெள்ளைப் புகை வரும். கையை நீட்டினால் நனையும். விறகின் தண்ணீர் அது. சுமார் 270 டிகிரி செல்சியஸ் தாண்டியதும் விறகு தன் சூட்டிலேயே வேகத் தொடங்கும். புகை மஞ்சளாகிக் கண்ணைக் கரிக்கும். கடைசியில் மெல்லிய நீலப் புகை. நீலம் தெரிந்த கண்ணை உடனே அடைக்க வேண்டும், விட்டால் கரியே எரியும். இரவில் டார்ச் வெளிச்சத்தில் இந்த நிறத்தைப் பிரித்துச் சொல்கிறவரை வெறும் கூலியாள் என்று கணக்கெழுதுவது நியாயமே இல்லை.

புரட்டாசியில் பகல் வெயில் மேல்மண்ணை வெடிக்க வைக்கும், சாயங்கால மழை அதைக் கரைக்கும். விறகு வேக வேக மூட்டம் உள்வாங்குவதாலும் விரிசல் விழும். நள்ளிரவில் விழுந்த விரிசலைப் பார்க்காமல் விட்டால் விடியும்போது அந்தப் பக்கம் சாம்பல் பள்ளம். அடைக்கிறேன் என்று மேலே ஏறவே கூடாது. உள்ளே வெற்றிடம் இருந்தால் கால் நெருப்பில் இறங்கிவிடும். ஓரத்தில் நின்றே மண் போட வேண்டும். காற்று புகையைத் தள்ளும் திசையில் படுக்கவும் கூடாது. புகையோடு வரும் கார்பன் மோனாக்சைடு ஆளைக் கொல்லும் விஷவாயு, அதற்கு வாசனை கிடையாது.

சிறிய மூட்டம் நாலைந்து நாளில் வேகும், பெரியதற்கு ஒரு வாரம், பத்து நாள். எல்லாக் கண்ணையும் அடைத்து நன்றாக ஆறவிட்டே பிரிக்க வேண்டும். மிச்சமிருக்கும் ஒரு கங்கு போதும், மொத்தமும் பற்றிக்கொள்ளும். நாலைந்து டன் விறகுக்கு ஒரு டன் கரி என்றால் நல்ல மூட்டம். பிறகு தூர்க்கரி, உருட்டுக்கரி, குச்சிக்கரி, தூள் என்று தரம் பிரித்துச் சாக்கில் கட்டுவார்கள். வெந்த கரியைத் தட்டினால் கணீரென்று கேட்கும், உடைத்த இடம் மினுங்கும். மந்தமாக ஒலிப்பது வேகாத கொள்ளிக்கட்டை. அதை அடுத்த மூட்டத்தின் நடுவே வைக்கலாம்.