மஞ்சள் பையில் ஒரு புடவை

மெட்ராஸ் தூர்தர்ஷன் என்றதும் ஷோபனா ரவி, வரதராஜன் என்று இன்றும் சட்டென்று சொல்கிறோம். செய்தி வாசித்தவர்களின் பெயர் நின்றுவிட்டது. ‘வயலும் வாழ்வும்’ முடிந்ததும் சிரித்த முகத்தோடு வந்து, அடுத்து என்ன என்று சொல்லிவிட்டுப் போன அறிவிப்பாளர்களை யார் நினைத்துப் பார்க்கிறார்கள்? அவர்களில் ஒருவர் நமக்கு எட்டாம் வகுப்பில் தமிழ் எடுத்த டீச்சர். நம் பள்ளி மலரில் அவருக்கு ஒரு பக்கமாவது இருக்க வேண்டும்.

1975 ஆகஸ்ட் 15 அன்று சென்னையில் ஒளிபரப்பு தொடங்கியது. நான் எட்டாவது படித்த 1979-இல் திருவல்லிக்கேணியில் எங்கள் தெருவுக்கே இரண்டு டி.வி.தான். பக்கத்து வீட்டில் இருந்தது, இழுத்து மூடும் கதவு வைத்த சாலிடேர். வெள்ளிக்கிழமை ‘ஒளியும் ஒலியும்’ பார்க்க முன்கூட்டியே போய்க் கூடத்தில் இடம் பிடித்துவிடுவோம். மற்றவர்கள் பாட்டுக்குக் காத்திருப்பார்கள். நாங்கள் நாலைந்து பேர் டீச்சருக்குக் காத்திருப்போம்.

அவர் வழக்கமாகக் கட்டுவது பொடிக் கட்டம் போட்ட வெள்ளைக் காட்டன் புடவை. அது கேமராவுக்கு ஆகாது. வெள்ளை கூசும், பொடிக் கட்டம் திரையில் நெளியும். அதனால் டியூட்டி நாளில் வேறு புடவையை மஞ்சள் பையில் கொண்டுவந்து, மேசைக்கு அடியில் வைத்திருப்பார். பையைப் பார்த்ததும் வகுப்பு முழுக்கக் குசுகுசுவென்று பேச்சு ஓடும். மணி அடித்ததும் பையை எடுத்துக்கொண்டு சுவாமி சிவானந்தா சாலையில் இருக்கும் தூர்தர்ஷன் நிலையத்துக்கு நடந்தே போவார்.

செய்தி வாசிப்பவர் கையில் தாள் இருக்கும். டீச்சருக்கு அதுவும் கிடையாது, எல்லாம் மனப்பாடம். “தாளைப் பார்த்தா முகம் கீழே போயிடும்மா, வீட்ல இருக்கறவங்களைப் பார்த்துப் பேசணும்” என்பார். எங்களையும் அப்படித்தான் பழக்கினார். ஒவ்வொருத்தியாக எழுந்து நின்று, கடைசி பெஞ்சைப் பார்த்து, ‘ஏழைக் கிழவன் வாழைப்பழத் தோல் வழுக்கி விழுந்தான்’ என்று சொல்ல வேண்டும். ழகரம் சறுக்கினால் மறுபடி முதலிலிருந்து. திட்டவே மாட்டார்.

ஒருநாள் நிகழ்ச்சி கொஞ்சம் முன்னதாக முடிந்து, செய்திக்கு ஒரு நிமிடம் மிச்சம் இருந்தது. டீச்சர் பதறவில்லை. மெரினாவில் அன்று மாலை அடித்த காற்றைப் பற்றி, எதிரே உட்கார்ந்திருப்பவரிடம் பேசுகிற மாதிரி நிதானமாகப் பேசினார். கூடத்தில் ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. எனக்குக் கைதட்ட வேண்டும் போல இருந்தது.

1982-இல் கலர் வந்தது. அதற்கு முந்தின வருடமே, மாமியாருக்கு உடம்பு முடியாமல் போனதால், டீச்சர் டியூட்டியை விட்டிருந்தார். எல்லாமே நேரலை, அவர் பேசியதில் ஒரு துண்டுகூடப் பதிவாகவில்லை. எனக்கு இது இன்னும் ஆறவில்லை.

பல வருடம் கழித்து ஊருக்குப் போனபோது மயிலாப்பூரில் அவரைப் பார்த்தேன். காபி குடித்துவிட்டு, நாங்கள் அன்றைக்குப் பந்தயம் கட்டிச் சண்டை போட்டதைக் கேட்டேன்.

“டீச்சர், அந்தப் பைப் புடவை என்ன கலர்? எங்களுக்குச் சாம்பலாத்தானே தெரிஞ்சுது.”

எழுந்துபோய் பீரோவைத் திறந்தார். மடிப்பு நைந்த புடவை ஒன்றை என் மடியில் வைத்தார். நல்ல கத்தரிப்பூ நிறம்.