பாட்டு முடிந்த பிறகு வரும் ராஜா

இளையராஜா என்றாலே பாட்டைப் பற்றித்தான் பேசுகிறோம். நானும் பல வருஷம் அப்படித்தான் இருந்தேன். போன வாரம் ராத்திரி மௌன ராகம் படத்தை மறுபடி போட்டேன், இந்த முறை கதையை விட்டுவிட்டு, எங்கே பின்னணி இசை வருகிறது, எங்கே வராமல் இருக்கிறது என்று மட்டும் கவனித்துக்கொண்டே போனேன். ரேவதியும் மோகனும் ஒரே வீட்டுக்குள் ஒட்டாமல் நடமாடும் படம் அது. அவர்கள் சொல்லாமல் விடுவதைப் படம் நெடுக திரும்பத் திரும்ப வரும் தீம் இசை சொல்லிவிடுகிறது, அதுவும் ஒவ்வொரு தடவையும் வேறு மனநிலையில்.

இதை ராஜா செய்யும் விதம்தான் எனக்கு இன்னும் பிடிபடவில்லை. ரீ-ரெக்கார்டிங்கில், அதாவது எடுத்து முடித்த படத்துக்குப் பின்னணி இசை சேர்க்கும்போது, ஒரு ரீலைத் திரையில் ஓட்டிக் காட்டுவார்கள். 1000 அடி ரீல் என்றால் சுமார் 11 நிமிஷம். பார்த்து முடித்ததும் எந்த வாத்தியத்தையும் தொடாமல் நேராகத் தாளில் நொட்டேஷன் (இசைக்குறிப்பு) எழுத ஆரம்பித்துவிடுவார், வயலினுக்கு, செல்லோவுக்கு, புல்லாங்குழலுக்கு, பேஸ் கிடாருக்கு என்று தனித்தனியாக. அதைப் பிரதி எடுத்துக் கலைஞர்களிடம் கொடுப்பார்கள், படம் ஓட ஓட வாசிப்பார்கள், அவ்வளவுதான். நமக்கெல்லாம் ஒரு மெட்டை மனதில் பிடித்து வைப்பதே கஷ்டம், அவருக்கு மொத்த ஆர்க்கெஸ்ட்ராவும் தலைக்குள் கேட்கிறது!

பண்ணைப்புரத்திலிருந்து அண்ணன் பாவலர் வரதராஜனின் குழுவோடு ஊர் ஊராகப் போய் வாசித்தவர் அவர். மேடைக்கு எதிரே உட்கார்ந்திருக்கும் கூட்டத்தின் முகத்தைப் படிக்க அங்கேதான் கற்றிருப்பார் என்பது என் எண்ணம். சென்னைக்கு வந்த பிறகு தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை, ஜி.கே.வெங்கடேஷிடம் உதவியாளர் வேலை, அப்புறம் 1976இல் பஞ்சு அருணாசலம் கொடுத்த அன்னக்கிளி. அதற்குப் பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரியும், 1000 படங்களைத் தாண்டிவிட்டார்.

ஆனால் அவர் வாங்கிய ஐந்து தேசிய விருதுகளில் கடைசி இரண்டும், பழசிராஜாவுக்கும் தாரை தப்பட்டைக்கும் கிடைத்தவை, பின்னணி இசைக்கென்றே தரப்பட்டவை என்பது எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது? 2025 மார்ச் 8ஆம் தேதி லண்டனில் அவருடைய சிம்பொனி அரங்கேறியபோது, இந்த வயதில் எதற்கு இது என்று சிலர் கேட்டார்கள், எனக்கு நிஜமாகவே கோபம் வந்தது. வரிகள் இல்லாமல், பாடகர் இல்லாமல், வாத்தியங்களை மட்டும் வைத்துப் பேசும் வேலையை அவர் ஒவ்வொரு படத்திலும் ரீல் ரீலாகச் செய்துகொண்டுதானே இருந்தார். காட்சியின் நீளத்துக்குள் அடைத்து எழுதியவருக்கு அன்றைக்கு அந்த அளவுகோல் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

சரி, அடுத்தது உதிரிப்பூக்கள். அந்த ஆற்றங்கரைக் காட்சிக்காகவே ஹெட்போனை எடுத்து வைத்திருக்கிறேன்.