கழுத்தைப் பாருங்கள், பிறகு வாலை: திருகோணமலைப் புறாக்கள்

திருகோணமலையில் புறா என்றால் பெரும்பாலானோர்க்கு இரண்டுதான் தெரியும். ஒன்று கோணேசர் கோயில் மலையைச் சுற்றிக் கூட்டமாய் எழுந்து திரும்பும் மாடப்புறா. மற்றது வீட்டு வளவுக்குள் நடந்து திரியும் மணிப்புறா. ஆனால் இந்த மாவட்டத்துக்குள் ஆறு வகை இருக்கின்றன. காலையில் கடற்கரை, பிறகு வயல், பிறகு கன்னியாவுக்கு அப்பால் காட்டோரம் என்று போனால் ஒரே நாளில் நாலைந்தையாவது பார்த்துவிடலாம்.

பார்த்தும் பிடிபடாமல் போவதற்குக் காரணம், எல்லோரும் முதலில் நிறத்தைப் பார்ப்பதுதான். நம் ஊர் வெயிலில் நிறத்தை நம்ப முடியாது. மரகதப்புறாவின் செட்டை நிழலில் கறுப்பாகத் தெரியும். உச்சி வெயிலில் பச்சைப்புறா ஆலிலையோடு ஆலிலையாகிவிடும். ஆகவே முதலில் கழுத்து, அடுத்தது எழும்பும்போது வால், மூன்றாவதாக அது நிலத்தில் இரை தேடுகிறதா மரத்திலா என்பது. நிறம் கடைசியில் வரட்டும்.

மணிப்புறாவுக்குக் கழுத்து ஒன்றே போதும். பிடரியில் கறுப்புப் பட்டை, அதன்மேல் அரிசி தெளித்த மாதிரி வெள்ளைப் புள்ளிகள். முன்பக்கம் இளஞ்சிவப்புக் கலந்த தவிட்டு நிறம், நீளம் கிட்டத்தட்ட 30 சென்ரிமீற்றர், அதில் பெரும் பங்கு வால். கிளம்பும்போது வால் விரியும், ஓரங்களில் வெள்ளை நுனிகள் பளிச்சிடும். பிழை நேர்வது குஞ்சில்தான். கூட்டைவிட்டு வந்து சில கிழமைகளுக்கு அதன் கழுத்தில் புள்ளி இராது. மங்கிய தவிட்டு நிறத்தில் ஒரு புறா தனியே நின்றால் 'புது வகை' என்று படம் போட்டுவிடுகிறார்கள். கொஞ்சம் பொறுங்கள். புள்ளி போட்ட தாயோ தகப்பனோ பக்கத்தில் வந்து இறங்கும்.

யாழ்ப்பாணம், மன்னார், புத்தளம் பக்கத்து வறண்ட கரையோரங்களில் காணும் சாம்பல் புறாவோடும் இதைக் குழப்பக்கூடாது. அதன் பிடரியில் புள்ளி கிடையாது, மெல்லிய கறுப்புக் கோடு ஒன்று பாதி வளையமாக ஓடும். உடம்பு ஒரே வெளிறிய சாம்பல். மூன்று அசையில் நடு அசையை அழுத்திக் 'கு-கூ-கு' என்று சலிக்காமல் கூவும். நம் பக்கத்தில் அரிது. குச்சவெளியைத் தாண்டி வடக்கே போகும்போது கழுத்தைக் கவனியுங்கள்.

மரகதப்புறா நடக்கும் புறா. மணிப்புறாவைவிடக் கொஞ்சம் சிறியது. காட்டு நிலத்தில், பழைய பழத்தோட்டங்களில், மரநிழல் விழும் ஒற்றையடிப் பாதைகளில் விழுந்த பழமும் விதையும் பொறுக்கிக்கொண்டு தனியாகவோ சோடியாகவோ நிற்கும். ஆளைக் கண்டதும் நேரே மேலே எழாது. நிலத்தை ஒட்டி, மரங்களுக்கு நடுவே ஈட்டி எறிந்தாற்போல் போகும். அந்த ஒரு நொடியில் பார்க்க வேண்டியது முதுகின் கீழ்ப்பக்கம்: வெளிறிய இரண்டு குறுக்குக் கோடுகள். ஆணுக்கு நெற்றி வெள்ளை, இரண்டுக்கும் சொண்டு சிவப்பு. குரல் மூக்கால் வரும் ஆழமான 'ஊம்... ஊம்...' தூரத்து மாட்டின் கதறல் என்று நினைத்து விட்டுவிடுபவர்கள் அநேகம்.

இந்தத் தாழ்ந்த பறப்பு அதற்கு எமனாகவும் வருகிறது. மரத்தின் பிரதிபலிப்பு விழும் கண்ணாடி யன்னல் அதற்குத் திறந்த பாதை. காட்டோரமாகக் கட்டிய விடுதிகளின் பெரிய கண்ணாடிகளில் மோதி விழுவது இதுதான். கண்ணாடிக்கு உள்ளே திரை போடுவதால் பயனில்லை, பிரதிபலிப்பு வெளிப்பக்கத்தில் இருக்கிறது. வெளிப்பக்கமாக 5 சென்ரிமீற்றர் இடைவெளியில் புள்ளிகளோ கோடுகளோ ஒட்டுங்கள், அல்லது முன்னால் மீன்வலை ஒன்றை இறுக்கிக் கட்டுங்கள். நிலாவெளியில் பழைய வலைக்குப் பஞ்சமில்லை. மோதி விழுந்த புறாவைக் காற்றோட்டமுள்ள மட்டைப் பெட்டியில் வைத்து மூடி, இருட்டான அமைதியான இடத்தில் ஓரிரு மணித்தியாலம் விடுங்கள். சொண்டைத் திறந்து தண்ணீர் ஊற்ற வேண்டாம். மூச்சுக்குழாய்க்குள் போனால் அதுவே கொன்றுவிடும்.

பச்சைப்புறாக்கள் நிலத்துக்கு வருவது அபூர்வம். ஆலும் அரசும் பழுத்திருக்கும் நாளில் மரத்தின் கீழே நில்லுங்கள். பழத்தோல் உதிரும், மேலே ஒன்றும் தெரியாது. ஆள் வந்தது தெரிந்ததும் எல்லாம் அசைவை நிறுத்திவிடும். ஐந்து நிமிடம் நின்றால் கொப்பு நுனியில் ஒன்று கிளிபோலத் தலைகீழாய்த் தொங்கிப் பழம் பறிப்பது தெரியவரும். ஒன்றைக் கண்டபின் இருபது தெரியும். இங்கே இரண்டு வகை. நெஞ்சில் ஊதாப் பட்டையும் அதன்கீழ் செம்மஞ்சளும் இருந்தால் செம்மஞ்சள் நெஞ்சுப் பச்சைப்புறாவின் ஆண். முதுகு கருஞ்சிவப்பாக இருந்தால் இலங்கைக்கே உரிய பச்சைப்புறாவின் ஆண். பெட்டைகளைப் பிரிப்பது கடினம், வாலின் மேற்பக்கத்தைப் பாருங்கள்: முன்னதற்குச் சாம்பல், பின்னதற்குப் பச்சை. குரல் கூவல் அல்ல, மனிதர் அடிக்கும் சீழ்க்கை போல ஏறி இறங்கும்.

இவற்றைவிட மிகப் பெரியது பெரும் பச்சைப்புறா. 43 சென்ரிமீற்றருக்கு மேல், தலையும் நெஞ்சும் வெளிர் சாம்பல், செட்டையும் வாலும் உலோகப் பச்சை. கந்தளாய்ப் பக்கம் உயர்ந்த மரங்களின் உச்சியில் இருந்து ஆழமாக முழங்கும். இரண்டும் பழம்தான் தின்கின்றன என்றாலும் காட்டுக்குச் செய்யும் வேலை ஒன்றல்ல. சிறிய பச்சைப்புறாவின் கற்குடல், அதாவது இரையை அரைக்கும் வயிற்றுப்பை, விதையையும் அரைத்துவிடும். பெரும் பச்சைப்புறா பெரிய பழத்தை முழுதாக விழுங்கி, விதையைச் சேதமில்லாமல் தூரத்தில் போட்டுவிட்டுப் போகும். பெரிய கொட்டையுள்ள காட்டு மரங்கள் புது இடத்தில் முளைப்பதில் இந்தப் பறவைக்குப் பெரிய பங்கு உண்டு. அதைச் சுடுகிறவர்கள் இறைச்சியோடு காட்டின் நாற்றுமேடையையும் சேர்த்தே எடுக்கிறார்கள்.

பழந்தமிழில் புறாவுக்குத் 'தூதுணம் புறவு' என்றொரு பெயர் உண்டு. தூது என்றால் சிறு கல். கல் உண்ணும் புறா. இப்படிப் பெயர் வைத்தவர்களின் கண்கள் எவ்வளவு கூர்மையாகப் பார்த்திருக்கின்றன! புறாவுக்குப் பல் இல்லை, விழுங்கிய தானியத்தைக் கற்குடலில் கிடக்கும் சிறு கற்கள்தான் அரைக்கின்றன. காலையில் மணிப்புறாக்கள் தார் வீதி ஓரத்தில் குவிவது இதற்காகவும்தான். அறுவடை நாளில் தம்பலகாமத்து வீதிகளில் நெல் காயப்போட்டிருந்தால் தானியமும் கல்லும் ஒரே இடத்தில் கிடைக்கும், வாகனத்தில் அடிபடுவதும் அப்போதுதான்.

தண்ணீர் குடிப்பதைக் கிட்டப் பார்த்திருக்கிறீர்களா? கோழி ஒரு மிடறு எடுத்துத் தலையைத் தூக்கி விழுங்கும், காகமும் அப்படித்தான். புறா சொண்டை மூக்குவரை அமிழ்த்தி, தலை தூக்காமல் ஒரே இழுப்பில் உறிஞ்சிவிட்டு நிமிரும். அதனால் வளவில் வைக்கும் மண்சட்டியில் 3 சென்ரிமீற்றராவது தண்ணீர் நிற்க வேண்டும், சிரட்டை போதாது. சட்டியை இரண்டு நாளுக்கு ஒருதரம் தேய்த்துக் கழுவி வெயிலில் காயவிடுங்கள். தொண்டையில் மஞ்சள் படிவு கட்டி விழுங்க முடியாமல் சாகும் நோயொன்று புறாக்களுக்கு வரும், அது பரவுவது பொதுத் தண்ணீரிலும் தீனியிலும்தான். வாய் நனைந்து, இறகு சிலிர்த்து ஒரு புறா சட்டியருகிலேயே குந்தியிருந்தால் இரண்டு கிழமைக்குச் சட்டியை எடுத்துவிடுவதே நல்லது.

நடக்கும்போது தலையை ஆட்டுகிறதே, அது ஆட்டம் அல்ல. தலை முன்னே பாய்ந்து ஓரிடத்தில் நிற்கும், உடம்பு பின்னால் வந்து சேரும், மறுபடி தலை பாயும். நிற்கும் அந்தக் கணத்தில்தான் உலகம் அதற்குத் தெளிவாகத் தெரிகிறது. 1978இல் ஓடுபட்டையின்மேல், அதாவது நடக்க நடக்கக் காலடியில் பின்னோக்கி ஓடும் பட்டையின்மேல், புறாவை நடக்கவிட்டுப் பார்த்தார்கள். சுற்றியுள்ள காட்சி நகராதபோது தலையாட்டம் நின்றுவிட்டது.

ஆண் மணிப்புறாவின் காதல் இரண்டு விதம். நிலத்தில் என்றால் தொண்டையை ஊதி, பெட்டைக்கு முன்னால் திரும்பத் திரும்பத் தலை வணங்கும். பிடரிப் புள்ளிகள் அப்போதுதான் அகன்று தெரியும். ஆகாயத்தில் என்றால் செட்டைகளைப் படபடவென அடித்துச் செங்குத்தாக ஏறி, வாலை விரித்து வளைந்து மிதந்து இறங்கும். இதைப் பருந்து என்று நினைத்துக் கோழிக்குஞ்சை மூடுகிறவர்களும் உண்டு.

கூடு பற்றிக் குறை சொல்லாதவர் இல்லை. ஆண் ஒவ்வொரு குச்சியாகக் கொண்டுவர, பெட்டை இருந்து அடுக்கும். தேசி மரத்திலோ பூவரசிலோ மின்விளக்குக் கூட்டின்மேலோ சில பத்துக் குச்சிகள், அவ்வளவுதான். கீழே நின்று பார்த்தால் வெள்ளை முட்டை இரண்டும் தெரியும். காற்றில் விழும், காகமும் செண்பகமும் எடுக்கும். ஆனால் சில நாளில் கட்டி முடிக்கலாம், போனால் மறுபடி கட்டலாம், ஆண்டு முழுவதும் முட்டையிடலாம். மணிப்புறா தழைத்திருப்பது இப்படித்தான். அடைகாத்தல் ஏறத்தாழ இரண்டு கிழமை, பெரும்பாலும் பகலில் ஆணும் இரவில் பெட்டையும் இருக்கும். யன்னலோரம் கூடு வைத்தால் அந்த யன்னலை ஒரு மாதம் திறக்காமல் விடுங்கள். குச்சியைத் தள்ளி 'நல்ல இடத்தில்' வைத்தால் முட்டையைக் கைவிட்டுவிடலாம்.

குஞ்சுக்கு முதல் நாட்களில் புழுவோ தானியமோ கிடையாது. தாய் தகப்பன் இருவரின் தொண்டைப்பையிலும் கட்டித் தயிர்போல ஊறும் பால்தான். குஞ்சு வாயைப் பிளந்து நிற்காது. சொண்டைத் தாயின் வாய்க்குள் நுழைத்து எடுக்கும். கீழே விழுந்த குஞ்சை எடுத்து வளர்ப்பவர்கள் தோற்பது இங்கேதான்: சோற்றைக் காட்டினால் அது வாய் திறக்காது, திணித்தால் திணறும். கூடு தெரிந்தால் திரும்ப வைத்துவிடுங்கள். மனிதர் தொட்டதால் தாய் விட்டுவிடாது. கூடு சிதைந்திருந்தால் சிறு பனையோலைப் பெட்டியில் காய்ந்த புல்லிட்டு அதே கொப்பில் கட்டுங்கள். இறகு முளைத்துவிட்ட குஞ்சென்றால் மட்டும், வேறு வழியே இல்லாதபோது, ஊறவைத்த பயறை இளஞ்சூட்டில் ஒரு சிறு உறையில் இட்டு, உறையில் சொண்டு நுழையும் அளவு துளை வெட்டிக் கொடுங்கள். தானாக நுழைத்துத் தின்னும். தொண்டைப்பை மெத்தென்று இருந்தால் போதும், காலியான பிறகே அடுத்த தீனி.

கடைசியாக மாடப்புறா. நீலச்சாம்பல் உடம்பு, செட்டையில் இரண்டு கறுப்புப் பட்டைகள், வால் நுனியில் ஒரு கறுப்பு. உலகம் முழுக்க நகரங்களில் திரியும் புறாக்கள் இதன் வீட்டு வழியில் வந்தவை, அசல் காட்டு வடிவம் இலங்கையில் சில இடங்களில் மட்டுமே முட்டையிடுகிறது. அவற்றில் ஒன்று நிலாவெளிக் கரைக்கு எதிரே கடலில் நிற்கும் புறாமலை. 1963இல் சரணாலயம், 2003இல் தேசிய பூங்கா. போகிறவர்கள் பவளப்பாறையையும் சுறாவையும் பார்த்துத் திரும்பிவிடுகிறார்கள், பெயருக்குரிய பறவை பாறை இடுக்கில் இருக்கிறது.

காட்டு மாடப்புறாவையும் வீட்டுப் புறாவின் வழிவந்ததையும் பிரிக்கச் சொண்டைப் பாருங்கள். அசலுக்குச் சொண்டு மெலிந்தது, அதன் அடியில் உள்ள வெள்ளைச் சதைப்பற்றுச் சிறியது. கூட்டத்தில் எல்லாம் ஒரே அச்சாக இருக்க வேண்டும். வெள்ளைச் செட்டை, செங்கல் நிறம், கரும்புள்ளி அடர்ந்தது என்று ஒன்றிரண்டு கலந்திருந்தால் வீட்டு இரத்தம் சேர்ந்துவிட்டது. உலகில் பல இடங்களில் அசல் மாடப்புறா அழிவது சுட்டதால் மட்டுமல்ல, இப்படிக் கலந்தும்தான். கரையோர ஊர்களில் திருமணத்துக்கும் திறப்பு விழாவுக்கும் வெள்ளைப் புறா பறக்கவிடுவதை நிறுத்தவேண்டும் என்று சொல்வது இதனால்தான். பந்தயப் புறா வளர்ப்பவர்கள் வழிதவறி வந்த புறாவுக்குக் காலில் வளையம் இருந்தால் பிடித்துவையுங்கள், திரும்ப வெளியில் விடாதீர்கள்.

புறாமலைக்குப் போகிறவர்கள் காலை முதற் படகில் போங்கள். வெயில் ஏறுமுன் பாறை ஓரங்களில் இருந்து புறாக்கள் சோடி சோடியாகக் கரைப்பக்கம் இரைக்குப் போவதைக் கடற்கரை மணலில் இருந்தே பார்க்கலாம். பாறையில் ஏற வேண்டாம். அடையில் இருக்கும் புறா ஆள் நிழல் பட்டதும் வெடித்துக் கிளம்பும், அந்த வேகத்தில் முட்டை உருளும், உருளாத முட்டை திறந்து கிடக்கும். மிச்சச் சோற்றுப் பொதியைப் படகிலேயே திருப்பிக் கொண்டுவாருங்கள், சோறு கிடந்தால் காகம் தங்கும்.