பலூன் பம்ப் பொருத்திய பிறகு கேட்க வேண்டிய கேள்வி

கடுமையான மாரடைப்பு வந்தவர்களை நாகர்கோவிலிலிருந்தும் தக்கலையிலிருந்தும் திருவனந்தபுரத்துக்குக் கொண்டுசெல்லும் குடும்பங்கள், தீவிர சிகிச்சைப் பிரிவின் வாசலில்தான் ‘பலூன் பம்ப்’ என்ற சொல்லை முதன்முதலாகக் கேட்கின்றன. என் மாமாவுக்கு அதைப் பொருத்தியபோது, இனி இதயத்தின் வேலையைக் கருவியே செய்துவிடும் என்று வீட்டில் பலரும் நம்பினார்கள். அந்த நம்பிக்கை சரியானதல்ல என்பதால் இதை எழுதுகிறேன்.

தொடைத் தமனி வழியாக நீண்ட பலூன் ஒன்றைப் பெருந்தமனிக்குள் செலுத்தி, இதயம் தளரும் ஒவ்வொரு முறையும் ஹீலியம் வாயுவால் அதை விரியச் செய்கிறார்கள். அப்போது இதயத் தசைக்கே இரத்தம் கொடுக்கும் கரோனரி தமனிகளுக்குக் கூடுதல் இரத்தம் செல்கிறது. இதயம் சுருங்கும் தறுவாயில் பலூனும் சுருங்கிவிடுவதால், இரத்தத்தை வெளியே தள்ளும் சுமை குறைகிறது. உழைப்பது இதயமேதான், பலூன் தருவது சிறிய கைத்தாங்கல். 2012இல் வெளியான, 600 நோயாளிகளைக் கொண்ட ஆய்வில், மாரடைப்பால் இரத்த ஓட்டம் நிலைகுலைந்தவர்களின் 30 நாள் இறப்பு விகிதத்தை அது குறைக்கவில்லை.

இதயத்துக்கு உதவும் இன்னொரு கருவியான இம்பெல்லா வேறு வகை. இடது கீழறைக்குள் நுழையும் மெல்லிய குழாயிலுள்ள சுழல் பம்ப், அங்கிருந்து இரத்தத்தை உறிஞ்சிப் பெருந்தமனியில் விடுகிறது. ஆரோக்கியமான இதயம் ஓய்வில் நிமிடத்துக்குச் சுமார் 5 லிட்டர் செலுத்துகிறது என்றால், இம்பெல்லாவின் ‘சிபி’ என்ற மாதிரி மூன்றரை லிட்டர் வரை செலுத்தவல்லது. 2024இல் வெளியான டேஞ்சர் ஷாக் ஆய்வில், கவனமாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட நோயாளிகளிடையே 180 நாள் இறப்பு வழக்கமான சிகிச்சை மட்டும் பெற்றவர்களிடம் 58.5 சதவீதமாகவும், இம்பெல்லாவும் பொருத்தப்பட்டவர்களிடம் 45.8 சதவீதமாகவும் இருந்தது. ஆனால் இரத்தக் கசிவும், காலுக்கு இரத்தம் போகாமல் தடைபடுவதும் அதிகமாயின. நுரையீரலும் செயலிழந்துவிட்டால், இரத்தத்தை உடலுக்கு வெளியே எடுத்து ஆக்சிஜன் ஏற்றித் திருப்பியனுப்பும் எக்மோ தேவைப்படலாம்.

இவற்றில் எதுவும் இதயத்தைக் குணப்படுத்துவதில்லை. அடைப்பு நீக்கப்பட்ட தசை மீள்வதற்கோ, அறுவை சிகிச்சைக்கோ, மாற்று இதயத்துக்கோ அவகாசம் தருகின்றன. எனவே கையெழுத்திடும் முன் குடும்பத்தினர், “டாக்டர், எதற்கான அவகாசம் இது?” என்று கேட்க வேண்டும். என் மாமாவுக்கு, ஒவ்வொரு துடிப்புக்கும் விரிந்த பலூனை இரண்டு துடிப்புக்கு ஒருமுறை, பின்னர் மூன்றுக்கு ஒருமுறை எனக் குறைத்து, இரத்த அழுத்தமும் சிறுநீர் அளவும் நிலைத்திருப்பதை உறுதிசெய்த பிறகே அகற்றினார்கள். அவ்வாறு குறைக்க முடியாவிட்டால் அடுத்து என்ன வழி, அல்லது வழியே இல்லையா என்பதையும் பம்ப் ஓடிக்கொண்டிருக்கும்போதே மருத்துவர்கள் வீட்டாரிடம் சொல்லிவிட வேண்டும்.