கைப்பைக்குள் ஒரு சட்டத் திருத்தம்

ஒவ்வோர் ஆண்டும் டிசம்பர் முதல் வாரத்தில் என் வீட்டு அலமாரியில் இருக்கும் பழைய கைப்பை ஒன்றைப் பள்ளிக்கு எடுத்துச் செல்வேன். பழுப்பு நிறத் தோல், தளர்ந்த கொக்கி, ஓரத்தில் தையல் விட்டுப் போன பை. நியூஜெர்சியின் நடுப்பகுதியில் உள்ள ஓர் அரசுப் பள்ளியில் எட்டாம் வகுப்புக்குச் சமூக அறிவியல் நடத்துகிறேன். அமெரிக்க அரசியலமைப்பின் முதல் பத்துத் திருத்தங்களை, அதாவது 1791 டிசம்பர் 15 அன்று வர்ஜீனியா ஒப்புதல் அளித்ததோடு நடைமுறைக்கு வந்த ‘உரிமைகள் சாசனத்தை’, நடத்தும் முறை வரும்போது அந்தப் பையை மேசைமேல் வைத்துவிட்டுத்தான் பேசத் தொடங்குவேன்.

இந்த முறைக்கு வந்து சேர எனக்குச் சில ஆண்டுகள் ஆயின. தமிழ்நாட்டில் படித்த காலத்தில், அடிப்படை உரிமைகள் ஆறு என்பதையும், ஏழாவதாக இருந்த சொத்துரிமை 1978ஆம் ஆண்டின் 44ஆவது திருத்தத்தால் அந்தப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது என்பதையும் வரி பிசகாமல் ஒப்பித்து முழு மதிப்பெண் வாங்கியவள் நான். அந்த ஆறில் ஒன்றை யாரேனும் என்னிடமிருந்து பறித்திருந்தால், பறிபோனது இன்னதென்று அன்று எனக்குத் தெரிந்திருக்காது. இங்கே பணிக்கு வந்த புதிதில் நானும் அதே வழியில்தான் நடத்தினேன். பத்துத் திருத்தங்களுக்குப் பத்துக் கைச்சைகைகள், வண்ணச் சுவரொட்டிகள், எண்ணையும் உரிமையையும் பொருத்தும் அட்டை விளையாட்டு என்று வகுப்பு கலகலப்பாகவே போயிற்று. தேர்விலும் பிள்ளைகள் நன்றாக எழுதினார்கள். ஆனால் தேர்வு முடிந்த வாரத்தில், பள்ளி முதல்வர் உன் லாக்கரைத் திறந்து பார்த்தால் எந்தத் திருத்தம் நினைவுக்கு வரும் என்று கேட்டபோது வகுப்பு முழுவதும் மௌனமாக இருந்தது. நியாயமான காரணமின்றி யாரையும், யாருடைய உடைமையையும் அரசு சோதனையிடக் கூடாது என்னும் நான்காவது திருத்தத்துக்கு நான்கு விரல் காட்டத் தெரிந்த பிள்ளைகளுக்கு அது தங்கள் லாக்கரைப் பற்றியும் பேசக்கூடும் என்று தோன்றவில்லை.

பல ஆசிரியர்கள் விரும்பிச் செய்யும் இன்னொரு பயிற்சியையும் செய்து பார்த்தேன். வேற்றுக்கிரகவாசிகள் நாட்டைப் பிடித்துவிட்டார்கள், பத்து உரிமைகளில் ஐந்தை மட்டும் விட்டுவைப்பார்கள், எவற்றை வைத்துக்கொள்வீர்கள் என்பதுதான் அது. பிள்ளைகள் முதலில் தூக்கி எறிந்தது மூன்றாவது திருத்தம். படைவீரர்களை வீட்டுக்காரரின் சம்மதமின்றி வீட்டில் தங்கவைக்கக் கூடாது என்னும் அந்த வரிக்குப் பின்னால், பிரிட்டிஷ் படையினரின் தங்குமிடச் செலவை அமெரிக்கக் குடியேற்ற மக்களின் தலையில் கட்டிய 1765ஆம் ஆண்டுச் சட்டமும் அது கிளப்பிய கோபமும் இருந்தன என்பதைச் சொல்லக்கூட அவகாசம் கிடைக்கவில்லை. அடுத்ததாக, குற்றம் சாட்டப்பட்டவருக்கு வழக்கறிஞர் உதவியை உறுதிசெய்யும் ஆறாவது திருத்தம் போயிற்று. “தப்பு செய்யாதவனுக்கு வக்கீல் எதற்கு?” என்று ஒரு மாணவன் கேட்டான், வகுப்பே தலையசைத்தது. அந்தக் கேள்விக்கு என்னிடம் அன்று நல்ல பதில் இல்லை என்பது இன்றும் என்னை உறுத்துகிறது. உரிமைகளைப் பேரத்துக்கு வைக்கும் அந்தப் பயிற்சியை அத்துடன் விட்டுவிட்டேன். ஓர் உரிமையின் பயன் அது தேவைப்படும் மனிதருக்குத்தான் தெரியும். தேவைப்படாத ஒருவரை வரிசைப்படுத்தச் சொன்னால், தனக்கு வேண்டாததையெல்லாம் அவர் கடைசியில்தான் வைப்பார்.

அந்த மாணவனுக்குத் தர வேண்டிய பதிலை மறு ஆண்டு கிளாரன்ஸ் கிடியனின் கதையாகக் கொண்டுவந்தேன். 1961இல் ஃப்ளோரிடாவில் ஒரு பில்லியர்ட்ஸ் கூடத்தை உடைத்துத் திருடியதாகக் குற்றம் சாட்டப்பட்ட கிடியன், வழக்கறிஞர் வைத்துக்கொள்ளப் பணமில்லாமல் தனக்குத் தானே வாதாடித் தோற்று ஐந்தாண்டுத் தண்டனை பெற்றார். சிறைக்குள்ளிருந்து பென்சிலால் எழுதிய மனுவை உச்ச நீதிமன்றத்துக்கு அனுப்பினார். ஏழைக்கும் வழக்கறிஞர் தரப்பட வேண்டும் என்று 1963இல் நீதிபதிகள் ஒருமனதாகத் தீர்ப்பளித்தனர். மறுவிசாரணையில் வழக்கறிஞர் ஒருவர் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்தார், கிடியன் விடுதலையானார். முதல் விசாரணை, மறுவிசாரணை இரண்டையும் பிள்ளைகளே நடித்துக் காட்டிய பிறகு, தப்பு செய்யாதவனுக்கு வக்கீல் எதற்கு என்று என் வகுப்பில் யாரும் கேட்டதில்லை.

இனி கைப்பைக்கு வருகிறேன். 1980 மார்ச்சில், எங்கள் பள்ளியிலிருந்து காரில் போய்வரக்கூடிய தொலைவில் உள்ள பிஸ்கேட்டவே உயர்நிலைப் பள்ளியின் கழிப்பறையில் இரண்டு மாணவிகள் புகைபிடிப்பதை ஓர் ஆசிரியர் பார்த்தார். ஒருத்தி ஒப்புக்கொண்டாள். பதினான்கு வயதான மற்றொருத்தியோ தனக்குப் புகைப்பழக்கமே இல்லை என்று சாதித்தாள். சிறுமி என்பதால் நீதிமன்ற ஆவணங்களில் அவளுக்கு டி.எல்.ஓ. என்னும் முதலெழுத்துகள் மட்டுமே. துணை முதல்வர் அவளுடைய கைப்பையை வாங்கித் திறந்தார். உள்ளே சிகரெட் பெட்டி இருந்தது. அதை எடுத்தபோது சிகரெட் சுருட்டும் தாள்கள் கண்ணில் பட்டன. கஞ்சாவோ என்ற ஐயத்தில் முழுப் பையையும் ஆராய, சிறிதளவு கஞ்சாவும் ஒரு குழலும் காலி பிளாஸ்டிக் உறைகளும் ஒரு டாலர் நோட்டுகளும், அவளுக்குப் பணம் தர வேண்டிய மாணவர்களின் பெயர்கள் எழுதிய அட்டையும் இரண்டு கடிதங்களும் வெளியே வந்தன. வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போயிற்று. பள்ளி அதிகாரிகளையும் நான்காவது திருத்தம் கட்டுப்படுத்தும் என்றும், ஆனால் போலீசாரைப் போல அவர்கள் வாரன்ட் வாங்க வேண்டியதில்லை, நியாயமான சந்தேகம் இருந்தால் போதும் என்றும், தேடலின் தொடக்கமும் அது நீண்ட அளவும் தனித்தனியே நியாயமாக இருக்க வேண்டும் என்றும் கூறி, 1985 ஜனவரியில் ஆறுக்கு மூன்று என்ற கணக்கில் பள்ளியின் பக்கம் தீர்ப்பு வந்தது.

வகுப்பில் இதை முழுதாகச் சொல்லிவிட மாட்டேன். பைக்குள் இருப்பவை ஒவ்வொன்றையும் தனித்தனி உறையில் போட்டு ஒட்டி வைத்திருப்பேன். ஓர் உறையைப் பிரிப்பதற்கு முன், இப்போது உங்களுக்குத் தெரிந்ததை மட்டும் வைத்துச் சொல்லுங்கள், மேலே தேடலாமா என்று கேட்டு, கையை உயர்த்தச் சொல்லி, எண்ணிக்கையைக் கரும்பலகையில் எழுதிய பிறகே பிரிப்பேன். அந்தக் காலத்தில் அந்தப் பள்ளியில் புகைபிடிக்கத் தனி இடமே ஒதுக்கியிருந்தார்கள், கழிப்பறையில் பிடித்ததுதான் விதிமீறல் என்று சொல்லும்போது பிள்ளைகளுக்கு நம்பவே முடிவதில்லை. அப்படியானால் சிகரெட் வைத்திருப்பது குற்றமே இல்லையே, பிறகு பையைத் திறந்து என்ன நிரூபிக்கப் போகிறார் என்று யாராவது ஒருவர் கேட்டே தீர்வார். மாநில உச்ச நீதிமன்றத்தை அந்த மாணவியின் பக்கம் நிற்க வைத்த வாதங்களில் அதுவும் ஒன்று.

சென்ற ஆண்டு இதில் ஒரு மாற்றம் செய்தேன். காலை வகுப்புக்கு உண்மை வழக்கில் இருந்த பொருள்களையே வைத்தேன். மதிய வகுப்புக்கு அதே கதை, அதே பை, ஆனால் உறைகளுக்குள் ஒரு மாத்திரை அட்டையும் ஒரு சானிட்டரி நாப்கினும், வீட்டைவிட்டுப் போன அப்பாவுக்கு எழுதி அனுப்பாமல் விட்ட கடிதம் ஒன்றும். எல்லா உறைகளும் பிரிந்த பிறகு, துணை முதல்வர் பையைத் திறந்தது சரியா என்று கேட்டேன். காலை வகுப்பில் பெரும்பாலோர் சரி என்றனர். மதிய வகுப்பில் ஒரு கைகூட உயரவில்லை. கடிதத்தைப் படித்த மாணவன் அதை மறுபடி மடித்து உறைக்குள் வைத்துக்கொண்டிருந்தான். மறுநாள் இரண்டு வகுப்புகளின் கரும்பலகைப் படங்களையும் அருகருகே காட்டினேன். பையைத் திறந்த அந்த நொடியில் துணை முதல்வருக்குத் தெரிந்திருந்தது இரண்டு வகுப்பிலும் ஒன்றே என்பதைப் பிள்ளைகள் தாங்களாகவே கண்டுபிடிக்கச் சற்று நேரம் பிடித்தது. கண்டுபிடித்ததும் காலை வகுப்பின் ஒரு மாணவி, தன் வாக்கை மாற்றிக்கொள்ளலாமா என்று கேட்டாள். காரணத்தை எழுதிக் கொடுத்தால் மாற்றலாம் என்றேன்; இரண்டு பக்கம் எழுதினாள்.

கறுப்புப் பட்டை வழக்கையும் நடத்துகிறேன். 1965இல் வியட்நாம் போருக்கு எதிராகக் கையில் பட்டை அணிந்ததற்காகப் பதின்மூன்று வயது மேரி பெத் டிங்கர் பள்ளியிலிருந்து இடைநீக்கம் செய்யப்பட்டதும், 1969இல் அவள் பக்கம் தீர்ப்பு வந்ததும் பிள்ளைகளுக்கு உடனே பிடித்துவிடுகின்றன. தங்கள் வயதுக்காரி வெல்லும் கதை என்பதால் அதற்கு நான் அதிகம் உழைக்க வேண்டியதில்லை. அங்கே ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்வேன்: இந்தச் சாசனம் அரசைக் கட்டுப்படுத்துகிறது, அரசுப் பள்ளியின் முதல்வர் அரசின் ஆள், பெற்றோர் அப்படியல்லர். “அப்போ என் அம்மா என் போனைப் பார்க்கலாமா?” என்று கேட்காத ஆண்டே கிடையாது. பார்க்கலாம் என்று நான் சொல்லும்போது வகுப்பில் எழும் பெருமூச்சையும் ஆண்டுதோறும் கேட்கிறேன்.

அந்தக் கேள்விக்காகவே இந்த ஆண்டு பைக்குள் ஒரு பழைய கைப்பேசியையும் வைத்தேன். கைதானவரின் கைப்பேசிக்குள் போலீசார் தேட வாரன்ட் வேண்டும் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் ஒருமனதாகச் சொன்னதை விளக்கிவிட்டு, துணை முதல்வருக்கு என்ன விதி இருக்க வேண்டும் என்று குழுக்களாகப் பிரிந்து எழுதச் சொன்னேன். பைக்குச் சொன்னதே போதும் என்றது ஒரு குழு; போன் என்பது பை அன்று, அது வீடு என்றது இன்னொன்று. கடைசி வரிசையில் அதுவரை பேசாதிருந்த மாணவன் கைப்பேசியை எடுத்துத் திருப்பிப் பார்த்துவிட்டு, “இது பூட்டியிருக்கிறது. கடவு எண்ணைச் சொல் என்று அவர் கேட்டால் நான் சொல்லித்தான் ஆக வேண்டுமா?” என்றான். தனக்கு எதிராகத் தானே சாட்சி சொல்ல யாரையும் கட்டாயப்படுத்தக் கூடாது என்னும் ஐந்தாவது திருத்தத்தை அடுத்த வாரம்தான் தொடங்குவதாக இருந்தேன். கரும்பலகையில் இருந்த மற்ற எல்லாவற்றையும் அழித்துவிட்டு அவனுடைய கேள்வியை மட்டும் பெரிய எழுத்தில் எழுதி, அதன் கீழ் 5 என்று போட்டேன்.