ஜெரால்ட் வைலி யார்?

1960களின் கடைசியில் லண்டனில் டேவிட் ஃப்ராஸ்ட் தொகுத்து வழங்கிய டிவி நிகழ்ச்சிக்கு ஜெரால்ட் வைலி என்ற பெயரில் நகைச்சுவைக் காட்சிகள் வர ஆரம்பித்தன. எல்லாமே அருமை. ஆளை மட்டும் யாரும் பார்த்ததில்லை. ஏதோ பெரிய நாடகாசிரியர்தான் மறைந்திருந்து எழுதுகிறார் என்று குழுவே ஆளாளுக்கு ஊகித்துக்கொண்டிருந்தது. ஒருநாள் எல்லாரையும் ஒரு சைனீஸ் ரெஸ்டாரண்டுக்கு வரச் சொல்லி, "நான்தான் வைலி" என்று எழுந்து நின்றவர், அதே நிகழ்ச்சியில் நடித்துக்கொண்டிருந்த ரோனி பார்க்கர்!

ஏன் இந்த வேஷம்? நடிகர் எழுதியது என்பதற்காக யாரும் தாட்சண்யம் பார்த்து ஏற்றுக்கொள்ளக் கூடாதாம். எழுத்து தன் காலில் நிற்க வேண்டும். எனக்கு அவர்மேல் மரியாதை வந்த இடமே இதுதான்.

1973இல் பிபிசியில் ஏழு தனிக்கதைகள், ஏழு வேடங்கள். அதில் இரண்டு பிறகு தொடர்களாக வளர்ந்தன. ஒன்றில் திக்கித் திக்கிப் பேசும் கஞ்ச மளிகைக்கடைக்காரர். இன்னொன்று 'பாரிட்ஜ்', சிறைக்கைதி ஃப்ளெட்சர். என் ஓட்டு ஃப்ளெட்சருக்குத்தான். வார்டர் மெக்கே முகத்துக்கு நேராக வந்து கத்துவார். இவர் சூயிங்கம் மென்றபடி கண்ணை மட்டும் லேசாக உருட்டுவார். அவ்வளவுதான், அரங்கமே அதிரும்!

இன்னொரு நகைச்சுவை நடிகரான ரோனி கார்பெட்டோடு சேர்ந்து 1971 முதல் 1987 வரை 'தி டூ ரோனீஸ்' என்ற டிவி நகைச்சுவை நிகழ்ச்சி. புகழின் உச்சியில் இருக்கும்போதே, 58 வயதில், போதும் என்று ஒதுங்கி, சிப்பிங் நார்ட்டன் என்ற இங்கிலாந்துச் சிற்றூரில் மனைவியோடு பழம்பொருள் கடை வைத்தார். 2005இல் மறைந்தார். பார்க்காதவர்கள் 'பாரிட்ஜ்' முதல் சீசனிலிருந்து தொடங்குங்கள்.