கொலுவில் மிதக்கும் தீவும் ஒளிரும் மஞ்சும்: தண்ணீர் வைத்த சோதனை

இந்த வருஷம் கொலுப்படிக்குப் பக்கத்தில் வழக்கமான பார்க் இல்லை. பிள்ளைகள் கற்பனை செய்த உலகத்தை வைத்தோம்: ஆகாயத்தில் மிதக்கும் ஏழு தீவுகள், அவற்றில் வாழும் ‘மஞ்சு’ என்ற பனி உயிர்கள். மஞ்சுக்குக் கால் கிடையாது. இருட்டினால் நீலமாக ஒளிரும். தீவின் மேல் ஊறி, விளிம்பு தாண்டி வழிந்து, கீழ்த்தீவில் போய்ச் சேரும். ஒன்பது நாளும் ஓடியது. ஆனால் முதல் இரண்டு நாள் பட்ட பாட்டை இன்னொரு வீட்டில் படக்கூடாது.

தீவு செய்வது சுலபம். இரண்டு அங்குலத் தெர்மகோலை மூன்றடுக்காக ஒட்டி, ஆக்ஸா பிளேடால் செதுக்கி, காகிதம் ஒட்டி, எமல்ஷன் அடித்தால் முடிந்தது. ஒட்டுவதற்கு வெள்ளை ஃபெவிகால் மட்டும். ரப்பர் பசையும் ஸ்ப்ரே பெயிண்டும் தெர்மகோலைத் தின்றுவிடும்.

தீவில் நிற்கும் பொம்மைகளுக்காக, பொம்மை செய்யும் ஊரான விளாச்சேரிக்குப் போனது வீண் அலைச்சல். நவராத்திரிக்குப் பத்து நாள் இருக்கும்போது புது உருவம் கேட்டால் யார் செய்வார்கள்? அச்சு எடுத்து, காயவைத்து, சுட்டு, வண்ணம் பூச வேண்டும். ஆடியிலேயே சொல்ல வேண்டிய வேலை. கொண்டுபோன படத்திலும் முன்பக்கம் மட்டும்தான் இருந்தது. முன், பக்கம், பின் என்று மூன்றும் வரைந்து, உயரத்தை அங்குலத்தில் எழுதிக் கொண்டுபோங்கள்.

பனிக்கு, தண்ணீரை அதிரவைத்து நுண்துளியாக்கும் அல்ட்ராசோனிக் மிஸ்ட் மேக்கர் வாங்கினோம். கல்யாண மேடைப் புகை மெஷின் வீட்டுக்கு ஆகாது. அது சூடான புகை, மேலே ஏறும், தொண்டையை அறுக்கும். மிஸ்ட் மேக்கர் விடுவது குளிர்ந்த நீர்த்துளி, தானே கீழே இறங்கும். மஞ்சுக்கு அதுதான் பொருத்தம்.

கடையில் கொடுத்த அடாப்டர் 12 வோல்ட். கருவிக்கு வேண்டியது 24. விளக்கு எரிந்தது, பனி வரவில்லை. மாற்றக் கேட்டால் “இதுலயே ஓடும்ங்க” என்ற பதில்தான். மறுநாள் கருவியையே எடுத்துப்போய், கவுண்டரில் கிண்ணத்தில் தண்ணீர் ஊற்றி, போட்டுக் காட்டிய பிறகுதான் மாற்றித் தந்தார்கள். வாங்கும்போதே இப்படி ஓடவிட்டுப் பாருங்கள். அடாப்டரின் ஆம்பியரும் கருவியில் போட்டிருக்கும் அளவுக்குக் குறையக்கூடாது.

அடுத்தது தண்ணீர். போர் தண்ணீரில் ஒரே நாளில் கருவியின் அதிரும் பீசோ தகட்டின் மேல் வெள்ளையாக உப்புப் படிந்து, பனி பாதியானது. உப்பே வேண்டாம் என்று பேட்டரித் தண்ணீர் ஊற்றினால் கருவி ஓடவே இல்லை. காரணம், தண்ணீர் இருப்பதை அதன் சென்சார் மின்கடத்தலால் அறிகிறது. சுத்த நீர் அவ்வளவாகக் கடத்தாது. ஒரு சிட்டிகை கல்லுப்பு போட்டதும் ஓடியது. பிறகு கடைசி வரை கேன் தண்ணீர்தான். தகட்டுக்கு மேல் மூன்று நான்கு சென்டிமீட்டர் நீர் போதும்; அதிகமானால் பனி குறையும். ஓடும்போது தகட்டுக்கு மேல் விரலை வைக்காதீர்கள், சுருக்கென்று வலிக்கும்.

கருவியைத் தீவிலேயே வைக்க முடியாது, துளி தெறித்துப் பொம்மையில் சாயம் கரையும். கறுப்புத் துணிக்குப் பின்னால் மூடியுள்ள வாளியில் வைத்து, இரண்டு அங்குல பிவிசி குழாயில் பனியைக் கொண்டுவந்தோம். பெரிய தீவு அந்தக் குழாயின் முனையில்தான் உட்கார்ந்திருக்கிறது. முன்னால் நின்றால் மிதப்பதாகவே தெரியும். குழாய் வாளிப் பக்கம் சரிந்திருக்க வேண்டும். முதலில் தீவுப் பக்கம் சரித்துவிட்டதால் குழாய்க்குள் படிந்த நீர் சொட்டிப் படித்துணி நனைந்தது. வாளியில் சிறிய கம்ப்யூட்டர் ஃபேன் ஒன்று வெளிக்காற்றை உள்ளே தள்ள வேண்டும். பனியை இழுக்கும்படி வைத்தால் ஃபேன் நனைந்து செத்துவிடும்.

வெளிச்சம்தான் பெரிய பாடம். முன்னாலிருந்து நீல விளக்கு அடித்தபோது மஞ்சு சாம்பல் கறையாகத் தெரிந்தது. அதே விளக்கைத் தீவுக்குப் பின்னால், தாழ்வாக, பார்ப்பவரை நோக்கித் திருப்பியதும் பனி முழுக்க ஒளிர்ந்தது. இவ்வளவு நுண்ணிய துளிகள் ஒளியைப் பெரும்பாலும் அது போகும் திசையிலேயே சிதறடிக்கும். விளக்குப் பட்டையே கண்ணில் படாதபடி தீவு மறைக்க வேண்டும். யூவி விளக்கு வேண்டாம். சின்னத் தீவுகளைத் தொங்கவிட்ட தூண்டில் நரம்பெல்லாம் அதில் பளிச்சென்று தெரிந்தது. கடைசியில் கறுப்பு நைலான் நூலுக்கு மாற்றினோம். தீவுக்கு மூன்று நூல் கட்டுங்கள், ஒன்றே என்றால் சுற்றிக்கொண்டே இருக்கும்.

மஞ்சின் உடம்புக்கு பாலியெஸ்டர் பஞ்சு, உள்ளே மெல்லிய கம்பியில் கோத்த பேட்டரி சீரியல் பல்பு. சாதாரணப் பஞ்சு ஈரத்தில் கட்டியாகும். இலவம் பஞ்சு தீப்பொறி பட்டால் பற்றும். எந்தப் பஞ்சானாலும் குத்துவிளக்குக்கு நாலடி தள்ளியே இருக்கட்டும். மஞ்சு பொம்மையின் கண்ணுக்குப் பூசும், இருட்டில் ஒளிரும் பொடியைத் தண்ணீர் வண்ணத்தில் கலக்காதீர்கள். ஸ்ட்ரான்ஷியம் அலுமினேட் நீரோடு வினைபுரிந்து மங்கிவிடும். வார்னிஷில் கலந்து, வெள்ளை அடித்த பரப்பின் மேல் பூச வேண்டும்.

சீலிங் ஃபேன் ஓடினால் மஞ்சு கலைந்துவிடும். மதுரைப் புழுக்கத்தில் சுண்டல் வாங்க வந்தவர்களை ஃபேன் இல்லாமல் உட்கார வைக்க மனம் வரவில்லை. பத்து நிமிஷம் நிறுத்தி, காட்டிவிட்டு, மறுபடி போட்டோம்.

எடுத்து வைக்கும்போது பீசோ தகட்டில் எலுமிச்சைச் சாறு விட்டு, ஊறியதும் துணியால் துடையுங்கள், சுரண்டக் கூடாது. பொம்மைகளை நிழலில் இரண்டு நாள் காயவிட்டுத்தான் பேப்பரில் சுற்ற வேண்டும். ஈரத்தோடு சுற்றினால் அடுத்த புரட்டாசியில் பெட்டியைத் திறக்கும்போது பூஞ்சைதான் இருக்கும்.